மருத்துவ ஆராய்ச்சியில் திரிபுக் காட்சி

காட்சியளவைக்கு நேரும் குற்றங்களை ஆராய்ந்த நம் அளவை நூலார் அவற்றை ஐயமென்றும் திரிபென்றும் பகுத்துரைத்தனர். மாலை மங்கலிலே தொலைவில் நிற்பது தறியோ ஆளோ எனத் துணியமாட்டாது நிற்றல் ஐயம். வழியிற் கிடக்கும் கயிற்றைப் பாம்பெனத் துணிந்து அஞ்சியோடுதல் திரிபு. இவ்விரண்டனுள் எது கொடியது என வினவின், திரிபே என்பது விடையாகும். ஐயமுடையான் தன் அறிவின் குறையைத் தானே உணர்ந்திருக்கின்றான்; ஆகவே அணுகிச் சென்று நோக்குவான். திரிபுடையானோ மெய்யைக் கண்டுவிட்டதாகவே கருதுகின்றான்; அணுகி நோக்கவேண்டிய தேவையே அவனுக்குத் தோன்றுவதில்லை. தருக்க நூலார் கூறிய இப்பாகுபாடு இக்கால மருத்துவ ஆராய்ச்சியினை மதிப்பிடுதற்கு எத்துணைப் பயன்படும் என்பதைக் காட்டுதலே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

புதிய மருந்தொன்று நோயைத் தணிக்குமா என்பதை அறிய விழைவோர் நோயாளரை இரு கூட்டமாகப் பிரித்து, ஒரு கூட்டத்தாருக்கு அம்மருந்தையும், மற்றக் கூட்டத்தாருக்கு வேறு மருந்தையோ மருந்துப்பொருள் யாதுமில்லாத வெறுங்குளிகையையோ அளித்து, ஈற்றில் இரு கூட்டத்தாரின் நிலையையும் ஒப்பிடுவர். எவர் எக்கூட்டத்திற் சேர்தல் வேண்டும் என்பதை வைத்தியரின் விருப்பிற்கு விடாது, திருவுளச்சீட்டினைப் போன்ற எழுமாற்று முறையால் துணிவர். இம்முறையின் சிறப்பை யாவரும் அறிவர். ஆனால், கூட்டங்களைப் பிரித்தலில் இத்துணைக் கருத்தூன்றுவோர், ஈற்றிற் பயனை அளக்குங்கால், 'அளப்பவர் யார்? அவர் எதனை அறிந்துகொண்டு அளக்கின்றார்?' என்னும் வினாக்களை விடுத்துவிடுதலைப் பல ஆராய்ச்சியுரைகளிற் காண்கின்றோம். நல்ல விதையைத் தெரிந்து விதைத்தவன், விளைவை அளக்கும் மரக்காலைச் சோதியாது விடுதல் போல்வதாகும் இது.

அளத்தலில் நேரும் பிழைகளும் ஐயம், திரிபு என்னும் இருவகையுள் அடங்குவனவே. ஒருவருடைய குருதியமுக்கத்தைப் பத்துமுறை அளப்பின், பத்து எண்களும் ஒன்றாயிரா. சில கூடியும் சில குறைந்தும் நிற்கும். இப்பிழைக்கு ஒரு பக்கஞ் சாயும் இயல்பில்லை. பலமுறை அளந்து சராசரி காணின், கூடியனவும் குறைந்தனவும் ஒன்றையொன்று ஈடுசெய்துவிடும். இது ஐயத்தின்பாற்படும். தராசுத் தட்டொன்றின் அடியிற் புளி ஒட்டியிருப்பின் நிலை வேறு. ஆயிரமுறை நிறுத்தாலும் பிழை அப்பக்கமே சாயும். இது திரிபு. நோயாளரின் தொகையை நூறிலிருந்து பதினாயிரமாக உயர்த்தினும் திரிபு குறைவதில்லை. சராசரியைச் சூழ்ந்துள்ள ஐயம் மட்டுமே குறையும். எனவே, திரிபுடைய பேராராய்ச்சி யாது செய்கின்றதெனின், பிழையான விடையை மிக்க உறுதியோடு கூறுகின்றது. தட்டிரண்டின் அடியிலும் ஒரே அளவு புளி ஒட்டியிருப்பின் ஒப்பீடு கெடாது என்பதும் நோக்கத்தக்கது. கேடு விளைவது ஒரு தட்டிற்கு ஒருவாறும் மற்றத் தட்டிற்கு வேறுவாறும் பிழை அமையும்போதேயாம். இன்னார் மருந்து பெற்றவர், இன்னார் பெறாதவர் என்பதை அளப்பவர் அறிந்திருத்தலே அத்தகைய பிழைக்கு வாயிலாகின்றது.

இதனை நன்குணர்ந்து செய்யப்பட்ட ஆராய்ச்சியொன்றை முதற்கண் நோக்குவோம். பிரித்தானிய மருத்துவ ஆராய்ச்சிச் சபையார், புள்ளிவிபர அறிஞராகிய ஒஸ்ரின் பிராட்போட் ஹில் வகுத்த முறைப்படி, கசநோய்க்கு ஸ்ரெப்ரோமைசின் என்னும் மருந்தைச் சோதித்து, 1948 ஆம் ஆண்டில் முடிவை வெளியிட்டனர். நோயாளர் 107 பேருள் 55 பேர் அம்மருந்தையும் படுக்கை ஓய்வையும் பெற்றனர். ஏனைய 52 பேர் படுக்கை ஓய்வினை மட்டும் பெற்றனர். நாடோறும் நான்குமுறை ஊசியேற்ற வேண்டியிருந்தமையின், மருந்தில்லாத ஊசியை மற்றக் கூட்டத்தார்க்கு ஏற்றுதல் தகாதென விடுத்தனர். ஆகவே, நோயாளரைப் பராமரித்த வைத்தியர் யாவரும் எவர் மருந்து பெற்றவர் என்பதை அறிந்திருந்தனர். ஆனால், நெஞ்சின் எக்ஸ்-கதிர்ப் படங்களை மதிப்பிடும் பணி அவர்களிடம் விடப்படவில்லை. கதிர்ப்பட வல்லுநர் இருவரும் வைத்தியர் ஒருவரும் படங்களைத் தனித்தனியே நோக்கி, அவை எக்கூட்டத்தாருடையவை என்பதை அறியாமலே தம் முடிபைக் கூறினர். ஆறு திங்களின் பின் பெருமளவு தேறியவர்களாக அவர்கள் கண்டோர், மருந்து பெற்ற கூட்டத்தில் 28 பேர். பெறாத கூட்டத்தில் 4 பேர் மட்டுமே. இறந்தோர் முறையே 4 பேரும் 14 பேருமாவர். இம்முடிபுகளை இன்றும் நாம் ஐயமின்றி ஏற்றுக்கொள்வதற்கு எழுமாற்றுப் பிரிவு ஒரு காரணமாயின், அளந்தோரின் அறியாமை மற்றொரு காரணமாகும். அறியாமையும் ஓரிடத்தில் அறிவிற்குத் துணையாதல் வியத்தற்குரியதன்றோ?

அளப்பவர் அறிந்திருப்பின் யாது நேரும் என்பதற்குக் கனடா நாட்டில் நிகழ்ந்த ஆராய்ச்சியொன்று தக்க சான்றாகும். மூளையிலும் முண்ணாணிலும் உள்ள நரம்புறைகளைச் சிதைக்கும் மல்ரிப்பிள் ஸ்கிளிரோசிஸ் என்னும் நோயுடையார் 168 பேரிடத்து அது செய்யப்பட்டு, 1991 இல் வெளியிடப்பட்டது. குருதியின் திரவப் பகுதியைப் பிரித்து மாற்றுதலோடு சில மருந்துகளையும் அளித்தல் ஆண்டுச் சோதிக்கப்பட்ட சிகிச்சைகளுள் ஒன்று. அந்நோயின் முன்னேற்றத்தை அளத்தற்கு வைத்தியர் நோயாளியின் நடை, கண்ணோட்டம், உணர்ச்சி, கைகால்களின் வலிமை முதலியவற்றைச் சோதித்து ஒரு புள்ளி இடவேண்டும். இவ்வாராய்ச்சியிலே நோயாளர் ஒவ்வொருவரையும் நரம்பியல் வைத்தியர் இருவர் சோதித்தனர். ஒருவர் சிகிச்சையை அறிந்தவர், மற்றவர் அறியாதவர். 1994 இல் இருசாராரின் புள்ளிகளும் ஒப்பிடப்பட்டன. அறிந்தோர் இட்ட புள்ளிகளின்படி, குருதித் திரவ மாற்றுப் பெற்ற கூட்டத்தார் ஆறாம், பன்னிரண்டாம், இருபத்துநான்காம் திங்கள்களில் நன்மை பெற்றவராகத் தோன்றினர். அறியாதார் இட்ட புள்ளிகளிலோ அந்நன்மை இல்லை. நோயாளர் அவரே, நோயும் அதுவே, அளவுகோலும் ஒன்றே. வேறுபட்டது அளந்தோரின் உள்ளத்திலிருந்த செய்தி ஒன்று மட்டுமே. அறியாத வைத்தியர் அவ்வாராய்ச்சியில் இல்லாதிருந்திருப்பின், பயனற்ற கடுஞ்சிகிச்சையொன்று பயனுடையதென நிலைபெற்றிருத்தல் கூடும்.

இது கொண்டு, அறிந்து அளந்த வைத்தியர் பொய்யுரைத்தனர் எனக் கொள்ளுதல் தவறாகும். திரிபு பொய்யன்று. பொய்யுரைப்பான் மெய்யை அறிவான், திரிபுடையான் அறியான். நோயாளி நலம்பெறல் வேண்டும் என்னும் நல்விருப்பமே கண்ணைச் சாய்த்துவிடுகின்றது. நடையிலுள்ள தளர்ச்சி சிறிதோ பெரிதோ எனத் துணியவேண்டிய எல்லையிலே, மருந்து பெற்றவருக்குச் 'சிறிது' என்றும் பெறாதவருக்குப் 'பெரிது' என்றும் மனம் முடிபு செய்துவிடும். மருந்து பெற்றவர் 'நோவு உண்டு' எனின், 'முன்னையினும் குறைவன்றோ?' என மீண்டும் வினவுதலும், பெறாதவரின் விடையை முதன்முறையிலேயே எழுதிக்கொள்ளுதலும் எளிதில் நிகழ்வன. ஒவ்வொரு சாய்வும் மிகச் சிறிது. ஆனால் யாவும் ஒரே பக்கஞ் சாய்வன. ஆதலின், 'நாம் நேர்மையுடையோம். எமக்கு இக்காவல் வேண்டா' என ஆராய்ச்சியாளர் கூறும் விடை வினாவிற்கு ஏற்ற விடையன்று. இங்கு ஐயுறப்படுவது அவர்தம் ஒழுக்கமன்று. மனிதர் யாவர்க்கும் பொதுவாகிய காட்சியின் இயல்பே.

எண்ணால் அளக்கப்படுவன இக்குற்றத்திற்கு அப்பாற்பட்டன என்பாரும் உளர். குருதியமுக்கம் எண்ணேயாயினும், பாதரச மட்டத்தை நோக்கிக்கொண்டு ஒலியைக் கேட்பவர் பூச்சியத்தில் முடியும் எண்களையே மிகுதியும் எழுதுவர் என்பது நெடுங்காலமாக அறியப்பட்ட உண்மை. 142 எனக் காணத்தக்கதை 140 என்று ஒருவருக்கும், 150 என்று மற்றொருவருக்கும் எழுதுதற்கு இடமிருக்குமாயின், அவ்விடத்தில் விருப்பம் புகுந்துவிடும். இதனைத் தடுத்தற்காகவே, ஒலி கேட்கும் வேளையில் அளப்பவர் பாதரச மட்டத்தைக் காணாதவாறு அமைந்த கருவியொன்றினை ஜெப்ரி றோஸ் முதலிய இலண்டன் அறிஞர் 1964 இல் வெளியிட்டனர்.

குருதியமுக்கத்தைப் பற்றிய அண்மைக்கால வரலாறு இன்னுந் தெளிவானது. சிறுநீரக நாடிகளைச் சூழ்ந்த நரம்புகளை வெப்பத்தாற் செயலிழக்கச் செய்யின் அமுக்கம் தாழும் என்னுங் கருத்து 106 நோயாளரிடத்துச் சோதிக்கப்பட்டு, 2010 இல் வெளியிடப்பட்டது. சிகிச்சை பெற்றோரிடத்து மேல் அமுக்கம் ஆறு திங்களில் 32 மில்லிமீற்றர் தாழ்ந்தது, பெறாதோரிடத்து மாற்றமில்லை. ஆனால் யார் சிகிச்சை பெற்றார் என்பதை நோயாளரும் அறிந்திருந்தனர், வைத்தியரும் அறிந்திருந்தனர். பின்னர் 535 நோயாளரிடத்து, ஒரு கூட்டத்தாருக்கு நாடிகளைப் படம்பிடிப்பதோடு நிறுத்தி, அதனை அவர் அறியாதவாறு மறைத்துச் செய்த ஆராய்ச்சி 2014 இல் வெளிவந்தது. சிகிச்சை பெற்றோரிடத்து 14 மில்லிமீற்றரும், பெறாதோரிடத்து ஏறக்குறைய 12 மில்லிமீற்றரும் அமுக்கம் தாழ்ந்திருந்தது. முன்னர்க் கண்ட பெருவேறுபாடு மறைந்தது. சிகிச்சை செய்த முறையில் இருந்த குறைகளும் நோயாளர் மருந்துண்டலில் நேர்ந்த மாற்றங்களும் இம்முடிபிற்குக் காரணமாகலாம் எனச் சிலர் வாதித்தனர். அவ்வாதம் முற்றும் தள்ளத்தக்கதன்று. பின்னர் மறைத்துச் செய்த வேறு ஆராய்ச்சிகள் சில மில்லிமீற்றர் அளவினதாகிய சிறு நன்மையைக் காட்டின. 2023 இல் ஐக்கிய அமெரிக்காவில் அச்சிகிச்சைக்கு அனுமதியும் கிடைத்தது. மெய்ம்மை முதலிற் கூறிய பெருநன்மையுமன்று, முழு வெறுமையுமன்று. மறைத்தளக்கும் முறை புதியதை வீழ்த்தும் படைக்கலம் எனக் கருதுவோர்க்கு இது தக்க மறுமொழியாகும்.

இனி, நோவு, களைப்பு, மூச்சுத்திணறல் முதலியவற்றை அளப்பவர் நோயாளியேயாவார். ஆகவே அவருடைய அறிவும் அளவுகோலைச் சாய்க்கும். 1950 களில், நெஞ்சுநோவுடையோர்க்கு மார்பின் உள்நாடியைக் கட்டிவிடும் சத்திரசிகிச்சை பரவலாகச் செய்யப்பட்டது. பலர் நோவு குறைந்ததென்றனர். 1959 இல் வெளிவந்த ஆராய்ச்சியிலே 17 நோயாளருள் 8 பேருக்கு நாடி கட்டப்பட்டது; 9 பேருக்குத் தோல் மட்டும் கீறப்பட்டது. 1960 இல் வெளிவந்த மற்றொன்றில் 13 பேருக்கு நாடி கட்டப்பட்டது. 5 பேருக்குத் தோல் மட்டும் கீறப்பட்டது. நாடி கட்டப்பட்டோர்க்குத் தோல் கீறப்பட்டோரினும் மேலான நன்மை இரண்டிலும் காணப்படவில்லை. 35 பேரைக் கொண்ட இவ்விரு சிற்றாராய்ச்சிகளும் அச்சத்திரசிகிச்சையை வழக்கொழியச் செய்தன. நோவு குறைந்ததெனக் கூறியோர் பொய் கூறினரல்லர். ஆயினும் நாடியைக் கட்டியதனாலன்று அது குறைந்தது.

மறைத்தல் பெயரளவில் அமைந்து, நடைமுறையிற் கெடுதலும் உண்டு. விற்றமின் சி தடிமனைத் தடுக்குமா என அறிய, ஐக்கிய அமெரிக்காவின் தேசிய சுகாதார நிறுவகத்தில் 311 ஊழியரிடத்துச் செய்த ஆராய்ச்சி 1975 இல் வெளிவந்தது. ஒப்பீட்டிற்காக அளித்த குளிகையிற் பாற்சர்க்கரை இருந்தது. ஊழியர் பலர் குளிகையைத் திறந்து சுவைத்துப் பார்த்துத் தாம் உண்பது யாதென ஊகித்துவிட்டனர். தடிமன் நீடித்த காலத்திற் காணப்பட்ட வேறுபாடு, ஊகித்தோரிடத்தே இருந்தது, ஊகியாதோரிடத்து இல்லை. ஆராய்ச்சியாளரே இதனை மறையாது எடுத்துரைத்தமை பாராட்டிற்குரியது. இங்ஙனம் உரைத்தோர் பலர் இருப்பின் நம் அறிவு இன்னுந் தூயதாயிருக்கும்.

அங்ஙனமாயின் இறப்பினை மட்டும் அளப்போம். அதில் திரிபிற்கு இடமில்லையே எனலாம். இறந்தார், இறவாதார் என எண்ணுமளவில் அது மெய்யே. இறப்பின் காரணத்தை வகுக்கத் தொடங்கியதும் கருத்து மீண்டும் புகுந்துவிடும். மாரடைப்பிலிருந்து தப்பியோர்க்குச் சல்பின்பைறசோன் என்னும் மருந்து திடீர் மரணத்தைக் குறைக்கும் என 1978 இலும் 1980 இலும் வெளியான அறிக்கைகள் கூறின. ஐக்கிய அமெரிக்க அரசின் உணவு மருந்து நிருவாகத்தினர் ஒவ்வோர் இறப்பின் குறிப்பையும் மீளவாராய்ந்து, 1980 இல் தம் கண்டனத்தை வெளியிட்டனர். எது திடீர் மரணம், எது அன்று என்னும் வகுப்பு ஒழுங்கற்றதாயிருந்தமையையும், அதில் நேர்ந்த பிழைகள் பெரும்பாலும் மருந்திற்குச் சார்பாகவே அமைந்தமையையும் அவர்கள் எடுத்துக்காட்டினர். இறப்பு உறுதியான செய்தி. இறப்பிற்கு நாம் இடும் பெயர் உறுதியானதன்று.

இக்கருத்திற்கு மாறாக எழும் தடைகளுள் மூன்றினை ஈண்டு ஆராய்தல் வேண்டும். எல்லாச் சிகிச்சையையும் மறைத்தல் இயலாது என்பது முதலாவது. மெய்யே. 1956 இல் சென்னையில் நிறுவப்பட்ட கசநோய் மருந்துச் சிகிச்சை நிலையத்தார், வீட்டிலிருந்து மருந்துண்ணலையும் சிகிச்சைமனையிலிருந்து மருந்துண்ணலையும் ஒப்பிட்டு, 1959 இல் வெளியிட்டனர். தாம் வீட்டிலிருக்கின்றோமா சிகிச்சைமனையிலிருக்கின்றோமா என்பதை நோயாளர்க்கு மறைப்பது எங்ஙனம்? ஆனால் சளியில் நோய்க்கிருமி வளர்கின்றதா என்பதை ஆய்வுகூடத்திற் காணலாம். கிருமி தன்னை வளர்த்தவர் வீட்டிலிருந்தாரா என்பதை உரைப்பதில்லை. கிருமிச் சோதனையை முதன்மையாகக் கொண்டமையாலேயே, வீட்டுச் சிகிச்சை பெரிதுந் தாழ்ந்ததன்று என்னும் அம்முடிபு, சிகிச்சைமனையையே நம்பியிருந்த உலகை அசைக்கும் வலிமை பெற்றது. சிகிச்சையை மறைக்க முடியாதபோதும் அளத்தலை மறைக்கலாம் என்பது இதனாற் பெறப்படும்.

பயனில்லாது தோலைக் கீறுதல் அறமாகுமா என்பது இரண்டாவது தடை. இது எளிதில் ஒதுக்கத்தக்கதன்று. நோயாளி முழுதும் அறிந்து இசைதலும், ஊறு மிகச் சிறிதாதலும், வேறு வழி இன்மையும் ஒருங்கே அமைந்தாலன்றி அதனைச் செய்தல் தகாது. ஆயினும் மற்றத் தட்டையும் நோக்கல் வேண்டும். சிலர் தோல் கீறப்பட்டதனாற் பலர் பயனற்ற சத்திரசிகிச்சையினின்று தப்பினர். சோதியாது விட்டிருப்பின் அந்தப் பலர்க்கும் நேரும் ஊறு எவர் கணக்கிற் சேரும்?

மூன்றாவது தடையே வலிமை மிக்கது. ஒரே ஆராய்ச்சியுள் அறிந்தோர் மதிப்பீட்டையும் அறியாதோர் மதிப்பீட்டையும் ஒப்பிட்ட அறிஞர், 2012 இல் 21 ஆராய்ச்சிகளைத் தொகுத்து, அறிந்தோர் சிகிச்சையின் பயனைச் சராசரியாக 36 வீதம் மிகைப்படுத்தினர் எனக் கண்டனர். ஆனால் 2020 இல் 1,153 ஆராய்ச்சிகளைக் கொண்ட 142 தொகுப்புக்களை நோக்கிய மற்றொரு பேராய்வு, மறைத்த ஆராய்ச்சிகட்கும் மறையாத ஆராய்ச்சிகட்கும் இடையே சராசரி வேறுபாடு காணவில்லை. இதனை நம் கருத்திற்கு இடையூறென மறைத்துவிடின், நாம் கண்டிக்கும் குற்றத்தை நாமே செய்தவராவோம். எனினும் இரண்டும் ஒரே தன்மையன அல்ல. முன்னையது ஒரே நோயாளரை இருவர் அளந்ததை ஒப்பிட்டது. ஆகவே வேறு காரணம் புகுதற்கு இடமரிது. பின்னையது வெவ்வேறு ஆராய்ச்சிகளை ஒப்பிட்டது. அவை நோயாளராலும் மருந்தின் அளவாலும் ஆராய்வோரின் கவனத்தாலும் வேறுபடுவன. முன்னையதற்கும் ஒரு குறையுண்டு: கருத்திற்கு மிக இடந்தரும் அளவைகளையே அது பெரும்பாலும் கொண்டது. ஆகவே, திரிபு எங்கும் ஒரே அளவினதன்று. சிலவிடத்துப் பெரிது, சிலவிடத்து இல்லையெனத்தக்கது என்பதே நடுவுநிலையான முடிபு. எவ்விடத்துப் பெரிதாகும் என்பதை முன்னரே அறிய இயலாமையின், காவலை எல்லாவிடத்தும் வைத்தலே அறிவுடைமை. அப்பேராய்வினரும் இக்காவலைக் கைவிடுமாறு கூறினாரல்லர்.

ஈற்றிற் சொல்வழக்கைப் பற்றியும் ஒன்று கூறவேண்டும். 'இருபாலும் மறைத்த ஆராய்ச்சி' என்னுந் தொடரைக் கண்டதும் கற்போர் ஐயம் நீங்கிவிடுகின்றனர். ஆனால் அத்தொடர்க்கு வைத்தியர்கள் 17 வேறு பொருள்களைக் கொண்டிருந்தமை 2001 இல் வெளியான கனடா ஆய்வொன்றினாற் புலனாயிற்று. நோயாளியும் வைத்தியரும் அறியார் என்பார் ஒருவர். நோயாளியும் அளப்பவரும் அறியார் என்பார் மற்றொருவர். பொருள் நிலைபெறாத சொல் காவலாகாது. காவலிருப்பதாகிய தோற்றத்தை மட்டுமே தரும். எனவே ஆராய்ச்சியுரையைக் கற்கும் மாணவர், அச்சொல்லோடு அமையாது, அளந்தவர் யார், அவர் அறிந்தது யாது, அளவை கருத்திற்கு எத்துணை இடந்தருவது, இரு கூட்டத்தாரும் ஒரே தடவை தொகையில், ஒரே முறையில் அளக்கப்பட்டனரா, அளந்தோர் ஊகித்திருத்தல் கூடுமா என்னும் ஐந்தையும் வினவுதல் வேண்டும். இவற்றிற்கு விடை காணப்படாவிடத்து, உரையின் எண்கள் எத்துணை நுட்பமாயினும் அவற்றை ஐயத்தோடு கொள்ளுதலே முறை.

வள்ளுவர் நடுவுநிலைமைக்குத் துலாக்கோலை உவமையாக்கினார். தான் நிறுப்பது பொன்னோ இரும்போ, உடையவன் உறவோ பகையோ என்பதை அக்கோல் அறியாது; ஆதலினாலேயே அது கோடாது நிற்கின்றது. அறிவுடைய மனிதர் அளக்கும்போது அந்த அறியாமையைத் தாமே விரும்பி மேற்கொள்ளுதல் வேண்டும். அது தம்மைத் தாமே நம்பாமையின் பாற்பட்ட இழிவன்று. தம் கையால் மருந்துண்டு தம் சொல்லை நம்பிக் கிடக்கும் நோயாளிக்கு, அவர் செலுத்தவேண்டிய கடன்.